முகங்கள் நினைவில் நிற்பதில்லை: சோதனையில் பெற்ற மதிப்பெண்ணை எப்படிப் புரிந்துகொள்வது?

கேள்வி: பாமணிக்கரை ஆசிரியை

அனைவருக்கும் வணக்கம். மன்னார்குடிக்கு அருகில் ஒரு பெண்கள் பள்ளியில் பதினேழு ஆண்டுகளாகக் கணிதம் கற்பித்து வருகிறேன். என் வகுப்பில் 38 மாணவியர். எல்லோரும் ஒரே சீருடையில், எண்ணெய் தடவி நடுவகிடு எடுத்து, இரட்டைச் சடையை மடித்து ரிப்பன் கட்டி வருவதால், யார் எங்கே உட்காருகிறார் என்பதை வைத்தே பெயர் சொல்லி வருகிறேன். சென்ற தேர்வில் இடம் மாற்றி உட்கார வைத்திருந்தார்கள். மூன்றாண்டுகளாக என்னிடம் படிக்கும் ஒரு பெண்ணிடம் விடைத்தாளைக் கொடுத்துவிட்டு, "உன் பேர் என்னம்மா?" என்று கேட்டுவிட்டேன். அவள் முகம் வாடியதை இன்னும் மறக்க முடியவில்லை.

சிறு வயதிலிருந்தே எனக்கு இப்படித்தான். பேருந்து நிலையத்தில் எதிரே வந்த நாத்தனாரின் கணவரை அடையாளம் தெரியாமல் கடந்துபோனதற்கு, "கண்டும் காணாமல் போகிறாள், வேலைக்குப் போகிற திமிர்" என்ற பேச்சு இன்றுவரை ஓயவில்லை. கண்ணாடி அணிகிறேன், பார்வையில் குறையில்லை என்று கண் மருத்துவர் சொல்லிவிட்டார்.

அண்மையில் இணையத்தில் 72 கேள்விகள் கொண்ட ஒரு முக நினைவுச் சோதனையை எழுதிப் பார்த்ததில் 40 மதிப்பெண் பெற்றேன். இது நோய்தானா? அதில் வந்த முகங்கள் அனைத்தும் வெள்ளைக்கார ஆண்களுடையவை. அவற்றை வைத்து என்னை அளப்பது சரியா?

மறுமொழி 1: மருத்துவ உளவியலாளர், தஞ்சாவூர்

அம்மா, நீங்கள் சொல்வதை வைத்துப் பார்த்தால், பிறவியிலேயே அமைந்த முகமறியாமை, அதாவது புரோசோபக்னோசியா, என்று ஐயுறுவதற்கு இடம் இருக்கிறது. தலையில் காயம்பட்ட சிலரைக் கண்டு, ஜெர்மானிய மருத்துவர் யோவாகிம் போடாமர் 1947இல் இட்ட பெயர் அது. காயமோ பக்கவாதமோ இல்லாமல் பிறவியிலேயே இத்தன்மையுடன் இருப்போர் நூற்றுக்கு இருவர் அளவில் இருக்கலாம் என்பது பரவலாகச் சொல்லப்படும் மதிப்பீடு. இது அறிவுக் குறைவும் அன்று, மரியாதைக் குறைவும் அன்று. அந்தப் பெண்ணின் முகம் வாடியதை நீங்கள் உடனே கண்டுகொண்டீர்கள் அல்லவா? கண், மூக்கு, வாய் தெளிவாகத் தெரிவதும், மகிழ்ச்சி, வருத்தம் புரிவதும், "இவர் இன்னார்" என்பது மட்டும் பிடிபடாமல் போவதும் இந்நிலையில் பலரிடம் காணப்படுவதுதான்.

நீங்கள் எழுதியது கேம்பிரிட்ஜ் முக நினைவுச் சோதனை. டுஷேன், நாகயாமா ஆகிய இருவரும் 2006இல் வெளியிட்டது. தலைமுடியும் உடையும் தெரியாதபடி வெட்டிய ஆறு முகங்களை மனத்தில் பதியவைத்து, பின்னர் மூன்று மூன்றாகக் காட்டி, முன்பு பார்த்தவரைத் தேர்ந்தெடுக்கச் சொல்வார்கள். முதலில் அதே படங்கள், அடுத்து வேறு கோணத்திலும் வெளிச்சத்திலும் எடுத்தவை, கடைசியில் புள்ளிபுள்ளியாகக் கலங்கலாக்கியவை. கண்ணை மூடிக்கொண்டு தொட்டாலே 24 வரும். அச்சோதனை உருவானபோது கிடைத்த சராசரி ஏறத்தாழ 58. 42க்குக் கீழ் இருந்தால் ஐயத்திற்குரியது என்று கொள்வது வழக்கம்.

ஆனால் உங்கள் 40ஐ அப்படியே ஏற்க நான் தயங்குகிறேன். தாம் பார்த்துப் பழகிய இனத்தாரின் முகங்களைவிடப் பிற இனத்தாரின் முகங்களை வேறுபடுத்துவது எவருக்கும் கடினம். அந்தச் சராசரி நம் ஊர் மக்களை வைத்துக் கணக்கிட்டதன்று. ஆகையால் ஒரு சோதனையோடு நிறுத்தாமல், அன்றாட அனுபவத்தைக் கேட்கும் 20 கேள்விகள் கொண்ட வினாப்பட்டியலையும், நன்கு தெரிந்த முகங்களைக் காட்டும் சோதனையையும் சேர்த்தே முடிவுசெய்ய வேண்டும். பின்னதை உங்கள் வீட்டிலேயே ஓரளவு முயன்று பார்க்கலாம். உறவினர் இருபது பேரின் படங்களில் முடி, காது, தோடு, மூக்குத்தி, நெற்றிப் பொட்டு எதுவும் தெரியாமல் முகத்தை மட்டும் வெட்டி, அறிமுகமில்லாதவர்களின் படங்களோடு கலந்து, கணவரிடம் கொடுத்து உங்களுக்குக் காட்டச் சொல்லுங்கள். வீட்டில் இன்னொருவரும் அதே படங்களைப் பார்த்தால்தான் ஒப்பிட முடியும். உங்கள் குடும்பத்தில் வேறு யாருக்கேனும் இப்படி உண்டா?

மறுமொழி 2: துலாக்கட்டத்துக்காரன், மயிலாடுதுறை

டீச்சர், என் தகப்பனாருக்கு இது பக்கவாதத்திற்குப் பிறகு வந்தது. கை கால் தேறிவிட்டது. அந்த ஆண்டு ஆடிப் பெருக்கன்று துலாக்கட்டப் படித்துறையில் என் தாயார் அவர் பக்கத்திலேயே மஞ்சள் கயிறு மாற்றிக்கொண்டிருக்க, அவரோ கூட்டத்தைப் பார்த்து, "உங்கம்மா எங்கேடா?" என்று என்னைக் கேட்டார். தாயார் "இங்கேதானே நிக்கறேன்" என்றதும், குரல் கேட்டுத் திரும்பிக் கையைப் பிடித்துக்கொண்டார்.

மருத்துவமனை ஒன்றில் படம் பொருத்தும் சோதனை வைத்தார்கள். ஒரு முகத்தைக் காட்டி, கீழே உள்ள ஆறில் அதே ஆளைக் கண்டுபிடிக்க வேண்டும். அப்பா ஒவ்வொரு புருவத்தையும் விரலால் தடவித் தடவி ஒப்பிட்டு, நெடுநேரம் எடுத்துக்கொண்டு, பெரும்பாலும் சரியாகச் சொன்னார். "முகம் அறிவதில் குறையில்லை" என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். வீட்டில் படும் பாடு எங்களுக்கல்லவா தெரியும்!

மறுமொழி 3: மருத்துவ உளவியலாளர், தஞ்சாவூர்

ஐயா, நீங்கள் விவரிப்பது பெண்டன் சோதனை போலத் தெரிகிறது. உச்ச மதிப்பெண் 54. முகங்கள் கண்முன்னே இருப்பதால், நினைவுக்கு வேலையில்லை. புருவத்தையும் முடிக்கோட்டையும் துண்டு துண்டாக ஒப்பிட்டே முகமறியாமை உள்ளவர்களும் அதில் இயல்பான மதிப்பெண் பெற்றுவிடுவது ஆய்வுகளில் காட்டப்பட்ட குறைபாடு. விரலால் தடவியதையும் எடுத்துக்கொண்ட நேரத்தையும் சோதித்தவர் குறித்திருக்க வேண்டும். முகத்தை ஒரே பார்வையில் முழுமையாகக் கொள்ளும் பணியில், மூளையின் அடிப்பகுதியில், சிறப்பாக வலப்புறத்தில் உள்ள பியூசிஃபார்ம் மடிப்புக்குப் பெரும் பங்குண்டு. தகப்பனாரின் ஸ்கேன் படத்தில் அப்பகுதி பாதிக்கப்பட்டிருக்கிறதா என்று நரம்பியல் மருத்துவரிடம் கேளுங்கள். அதுவரை தாயாரை, அருகில் போகும்போது முதலில் பேசிவிட்டுப் போகச் சொல்லுங்கள்.

பாமணிக்கரை ஆசிரியை

மிக்க நன்றி. படங்களை வெட்டிப் பார்த்தோம். இருபதில் நான் ஒன்பது, என் மகள் பத்தொன்பது. என் தங்கையின் படத்தை அறிமுகமில்லாதவர் என்று தள்ளிவைத்திருக்கிறேன்.

குடும்பத்தைப் பற்றிக் கேட்டீர்கள். அம்மாவிடம் விசாரித்தபோது, பள்ளி விடும் நேரத்தில் வாசலில் நின்று என்னை மஞ்சள் பையை வைத்தேதான் கண்டுகொண்டதாகவும், வேறொரு பெண்ணும் அதே கடைப் பையைக் கொண்டுவரத் தொடங்கியதும் என் பையில் சிவப்பு நூலால் ஒரு பூத் தைத்துவிட்டதாகவும் சொன்னார். அந்தப் பூ எனக்கு நினைவிருக்கிறது. அழகுக்காகத் தைத்தது என்றே எண்ணியிருந்தேன்.

மாணவியரிடம், என்னிடம் வரும்போது பெயரைச் சொல்லிவிட்டுப் பேசுமாறு காரணத்தோடு சொல்லிவிட்டேன். தேர்வன்று நான் பெயர் கேட்ட பெண்தான் முதலில் வந்து சொன்னாள். முறையான சோதனைக்கு அம்மாவையும் அழைத்து வரலாமா? கண்புரை அறுவை செய்து எட்டு மாதம் ஆகிறது.

மருத்துவ உளவியலாளர், தஞ்சாவூர்

அவசியம் அழைத்து வாருங்கள். அதற்கு முன் கண் மருத்துவரிடம் அவர்களின் பார்வைக் கூர்மையையும், மங்கலான நிற வேறுபாடு தெரிகிறதா என்பதையும் பார்த்து எழுதி வாங்கிவிடுங்கள். இல்லாவிட்டால் மதிப்பெண் குறைந்தால் கண்ணாலா, மூளையாலா என்று பிரிக்க இயலாது. வெட்டிய படங்களையும் கொண்டுவாருங்கள்.