முகில்கட்டிகள் சங்கம்: மழை விதியில எங்க ஓட்டை?

பொருநைக்கரை கேட்டது:

மேசை விளையாட்டுக்கு ஒரு கற்பனை உலகம் எழுதிக்கிட்டு இருக்கேன். நிலம் அச்சு அசலா நம்ம நெல்லைச் சீமைதான்: மேற்கே பொதிகை மாதிரி மலை, நடுவுல எட்டு அணைக்கட்டு உள்ள ஆறு, கிழக்கே தேரி (செம்மணல் மேடு), உப்பளம், கடல். பேரு மட்டும் வேற. அங்க ‘முகில்கட்டிகள்’னு ஒரு மந்திரவாதிச் சங்கம். குளத்துல நீர்க்கட்டி (வயலுக்குத் தண்ணி பாய்ச்சுற ஆள்) தண்ணியத் திருப்பி விடுற மாதிரி, இவங்க மேகத்தைத் திருப்பி விடுறவங்க.

இப்போதைய விதி: 3 மந்திரப் புள்ளி செலவழிச்சா ஒரு ஊருக்கு மழை. ஆனா இப்படி வச்சா பஞ்சம்னு ஒண்ணு கதையில நிக்கவே நிக்காது. புள்ளியை 10 ஆக்கினா போதுமா, இல்ல விதியே தப்பா? சங்கத்துக்குள்ள சண்டை வர்றதுக்கும் ஒரு காரணம் வேணும்.

சாரல்கணக்கு பதில்:

புள்ளியைக் கூட்டிப் பிரயோஜனம் இல்லை, விதியே தப்பு. முகில்கட்டி தண்ணியை உண்டாக்கக் கூடாது. காத்துல ஏற்கெனவே இருக்கிற ஈரத்தை இறக்குறது மட்டும்தான் அவன் வேலை.

கணக்கு பாருங்க. ஒரு சதுர கிலோமீட்டர்ல 1 செ.மீ. மழைன்னா ஒரு கோடி லிட்டர். அவ்வளவு ஆவி தண்ணியா மாறும்போது வெளிவிடுற வெப்பம் கிட்டத்தட்ட 70 லட்சம் யூனிட் கரண்டுக்குச் சமம். கவனிங்க, அது செலவு இல்லை, வரவு. அந்தச் சூடுதான் காத்தை இன்னும் மேல தள்ளி மேகத்தை வளர்க்குது. அதனால ஆரம்பிக்கிறது சுலபம், நிறுத்துறதுதான் கஷ்டம். உங்க விதி நேர்மாறா இருக்கு.

மூணு அளவு வைங்க: ஈரம், தூக்கு (காத்து மேல எழும்புறது), கரு (துளி சேர்றதுக்கான தூள்). ஒவ்வொண்ணும் 0 முதல் 5 வரை. மூணும் 3-க்குக் குறையாம இருந்தாதான் மழை. ஒரு மந்திரம் ஏதாவது ஒண்ணை ஒரு படி மட்டும் ஏத்தும்.

ஈரம்: பளபளன்னு துலக்கின பித்தளைச் செம்புல தண்ணி ஊத்தி, அதை மெல்ல மெல்லக் குளிர வைக்கணும். வெளிப்பக்கம் எந்தச் சூட்டுல வேர்க்குதோ அதுதான் பனிநிலை. மண்பானைத் தண்ணியை ஊத்தி இதைச் செய்ய முடியாது. பானை குளிர்றதே ஆவி போறதாலதான், அது பனிநிலைக்கு மேலேயே நின்னுரும். ஆக முதல் மந்திரம் இந்தச் செம்புலயே செலவாகும்.

வெளிக்காத்து 34 பாகை (டிகிரி செல்சியஸ்), செம்பு வேர்த்தது 24-ல்னா வித்தியாசம் 10. பாகைக்கு 125 மீட்டர்னு வைங்க, மேகத்தின் அடி 1250 மீட்டர்ல நிக்கும். 37-க்கு 20-ன்னா 2125 மீட்டர். நம்ம பொதிகை உச்சியே 1868-தான். அன்னைக்கு மலைகூட உதவாது, மந்திரம் வீண்.

கரு: மேகத்துளியைவிட மழைத்துளி குறுக்களவுல நூறு மடங்கு பெரிசு. அதாவது பத்து லட்சம் மேகத்துளி சேர்ந்தாதான் ஒரு மழைத்துளி. அதுக்கு உப்புத்தூள் தூவலாம். புது மாணாக்கன் செய்ற தப்பு, உப்பை மாவா அரைச்சு அள்ளி வீசுறது. தூள் அதிகமாகி ஆளுக்குக் கொஞ்சம்னு ஈரத்தைப் பங்கு போட்டுக்கும், துளி எதுவும் பெருக்காது. மேகம் கறுத்து நிக்கும், சொட்டு விழாது. வைக்கோல் புகைக்கும் இதே கதிதான்.

மழை ஆரம்பிச்ச பிறகு மணிக்கு ஒரு தடவை பகடை உருட்டணும். ஆரம்பம் மணிக்கு 5 மி.மீ. 1, 2 விழுந்தா பாதியாகும். 3, 4-ன்னா அப்படியே. 5, 6-ன்னா இரட்டிக்கும். நிறுத்தணும்னா தூக்கை உடைக்கணும், ஏத்தினதுக்கு இரண்டு மடங்கு புள்ளி. மேல்வரம்பு எதுவரைக்கும்னு கேட்டா, 2023 டிசம்பர்ல காயல்பட்டினத்துல ஒரே நாள்ல 95 செ.மீ. கொட்டுச்சு. சதுர கிலோமீட்டருக்கு 95 கோடி லிட்டர். மந்திரமே இல்லாம!

தேரிமண் பதில்:

சாரல்கணக்கு அண்ணாச்சி சொன்னது சரி. ஆனா அவங்க மாசத்தை விட்டுட்டாங்க. ஆனி, ஆடியில ஈரம் பெரும்பாலும் மலைக்கு மேற்கயே இறங்கிரும். இந்தப் பக்கம் இறங்குற காத்து சூடேறி வறண்டுதான் வரும். குற்றாலத்துல சாரல் அடிக்கும், பாளையங்கோட்டையில புழுதி பறக்கும். சமவெளிக்கு நிஜ மழை ஐப்பசி, கார்த்திகையில கிழக்கே இருந்து வர்ற கொண்டல்தான். ஆக சங்கத்தை ரெண்டு வீடாப் பிரிங்க: கோடை (மேல்காத்து) வீடு, கொண்டல் (கீழ்காத்து) வீடு. ஒருத்தர் வேலை செய்யும்போது மத்தவங்க சும்மா இருக்கணும், கூலியும் கிடையாது. பாதிச் சண்டை இதுலயே வந்துரும்.

கோடை வீட்டுக்காரன் ஊர்ல மழை பெய்ய வைக்க மாட்டான், மலையிலதான் பெய்ய வைப்பான். அணை நிறையும், கால்வாய்ல தண்ணி வரும், கார் நெல் விளையும். ஆட்டக்காரங்க இதைக் கண்டுபிடிக்கவே ரெண்டு மூணு ஆட்டம் ஆகும்.

குறுக்குவழி ஒண்ணு தேடுவாங்க: கணவாய் வழியா காத்தைக் கூட்டி மேகத்தை இந்தப் பக்கம் தள்ளுறது. தள்ளட்டும். ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காத்துலதான் முப்பந்தல்ல காத்தாடி சுத்துது. அதை இன்னும் கூட்டினா மேகம் வழியிலயே கரையும், குலை தள்ளின ஏத்தன் வாழை தோப்போட சாயும், தேரி மணல் நகர்ந்து பக்கத்து வயலை மூடும். நஷ்டஈடு சங்கத்துக் கணக்குல.

அடுத்து, மழையே வேண்டாம்னு காசு கொடுக்கிறவங்களைச் சேருங்க. கடல்தண்ணி பாத்தி பாத்தியா ஏறி 25 பாகைப் போமே (உப்புத்தண்ணியோட அடர்த்தி அளவு) வந்தாதான் உப்பு பூக்கும். பூத்த பிறகு ஒரு மழை விழுந்தா அத்தனையும் கரைஞ்சு மறுபடி முதல்ல இருந்து. பனையேறியும் அப்படித்தான், பதநீர்க் கலயத்துல மழைத்தண்ணி இறங்கினா பாடு வீண். உப்பளத்துக்காரர் வெயிலுக்குப் பணம் கட்டியிருக்கிற அதே வாரம் வயக்காட்டுக்காரர் மழைக்குக் கட்டியிருப்பாரு. ரெண்டு ரசீதும் சங்கத்து முத்திரையோட!

பொருநைக்கரை:

ரெண்டு அண்ணாச்சிக்கும் நன்றி. மூணு அளவையும் ரெண்டு வீட்டையும் எடுத்துக்கிடுதேன். சங்கம் எப்ப கூடும், கூலியை எதை வச்சு அளக்கும்?

கலயம் பதில்:

கூடுறதுக்கு மார்கழி கர்ப்போட்டம் பொருத்தம். சூரியன் பூராடத்துல நிக்கிற அந்த ரெண்டு வாரம் மேக ஓட்டத்தைப் பார்த்துத்தான் அடுத்த வருஷ மழையை நம்ம பக்கம் கணிப்பாங்க. சங்கமும் அப்பவே பார்த்து, எந்த ஊருக்கு எந்த மாசம்னு ஓலை எழுதட்டும். அதுக்குப் பிறகு வர்ற விண்ணப்பத்துக்கு இரட்டைக் கூலி.

ஒப்பந்தத்துல ‘மழை’ன்னு மொட்டையா எழுதாதீங்க. ‘ஒரு உழவு மழை’ன்னு (ஒரு தடவை உழுறதுக்குப் போதுமான மழை) எழுதுங்க, ஊர்க்காரனுக்குப் புரியும். எந்த இடத்துல அளக்கணும்கிறதும் அதுலயே இருக்கணும், இல்லேன்னா ஊருணிக்குப் பெய்ஞ்சது வயலுக்குப் பெய்யலைன்னு வழக்கு வரும்.

அளக்குற பாத்திரம் நேர்ச்சுவரா இருக்கணும். கலயத்தை வச்சு அளந்தா ஏமாத்து நடக்கும். வாய் 10 செ.மீ., வயிறு 20 செ.மீ. அகலம்னா, 4 செ.மீ. மழை வயித்துப் பக்கம் 1 செ.மீ.தான் காட்டும். கூலி கொடுக்கிறவன் கலயத்தோட வருவான், முகில்கட்டி வாய் அகன்ற புனலோட வருவான். அந்த ரெண்டு பேரையும் ஒரே வயல் வரப்புல நிப்பாட்டி முதல் ஆட்டத்தை ஆரம்பிங்க.