ஆண்டீஸ் மலைத்தொடரின் ஒருபுறம் பாலைவனமும் மறுபுறம் மழைக்காடும் இருப்பது ஏன்?

கேள்வி:
வணக்கம். தென் அமெரிக்காவின் மேற்கு ஓரமாக, வெனிசுவேலா முதல் சிலி, அர்ஜென்டினா வரை ஏழு நாடுகளில் ஏறத்தாழ 7,000 கிலோமீட்டர் நீளும் ஆண்டீஸ்தான் நிலத்தின் மீதுள்ள மிக நீளமான மலைத்தொடர் என்று படித்தேன். அதன் கிழக்கே அமேசான் காடும் மேற்கே அட்டகாமா பாலைவனமும் அமைந்ததன் காரணத்தை யாரேனும் விளக்க இயலுமா?

மறுமொழி 1:
அட்லாண்டிக் பெருங்கடலிலிருந்து மேற்கு நோக்கி வீசும் ஈரக்காற்று, கிழக்குச் சரிவில் மோதி மேலெழுந்து குளிர்ந்து அங்கேயே மழையாகப் பொழிந்துவிடுவதால், மறுபுறம் மழை மறைவுப் பகுதியாகிறது. மலை மட்டுமே காரணமன்று. கடலோரமாக வடக்கு நோக்கிப் பாயும் குளிர்ந்த ஹம்போல்ட் நீரோட்டமும் மேகங்கள் உயர்ந்து மழை தருவதைத் தடுக்கிறது.

மறுமொழி 2:
மேற்கண்ட விளக்கம் சரியானது. ஆனால் தெற்கே செல்லச் செல்ல நிலைமை தலைகீழாகிவிடுவதுதான் என்னை மிகவும் வியக்க வைக்கிறது. அங்கே பசிபிக்கிலிருந்து மேலைக்காற்று வீசுவதால், தென் சிலியில் அடர்ந்த மழைக்காடுகளும், மலைக்குக் கிழக்கே அர்ஜென்டினாவின் படகோனியாவில் வறண்ட புல்வெளிகளும் காணப்படுகின்றன.

மறுமொழி 3:
நீளத்தைப் பற்றி ஒரு குறிப்பு. கடலடியையும் கணக்கில் கொண்டால், ஏறத்தாழ 65,000 கிலோமீட்டர் நீளமுள்ள நடுக்கடல் மலைத்தொடரே முதலிடம் பெறும். ஆண்டீஸின் மிக உயர்ந்த சிகரமான அகொன்காகுவா (6,961 மீட்டர்) அர்ஜென்டினாவில் உள்ளது.

கேட்டவர்:
மிக்க நன்றி. காற்றின் திசையை நான் எண்ணிப் பார்க்கவே இல்லை.