1999-இல் டிஸ்மிஸ், வழக்கு இப்போது: தாமதத்தைத் தாண்ட வழி உண்டா?

ஆவடி ஜூனியர்
கட்சிக்காரர் 1988-இல் சிப்பாயாகச் சேர்ந்தவர். லீவு முடிந்தும் நான்கு மாதம் திரும்பவில்லை என்று ராணுவச் சட்டம் 39(பி)-இல் சம்மரி கோர்ட் மார்ஷல் (கமாண்டிங் ஆபீசரே நடத்தும் சுருக்க ராணுவ விசாரணை) நடத்தி, 1999-இல் டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். அப்போது எந்த மனுவும் போடவில்லை. போன வருஷம் ரெக்கார்ட்ஸ் ஆபீஸுக்கு (ரெஜிமென்டின் பணி ஆவண அலுவலகம்) எழுதியதற்கு, பென்ஷனுக்குத் தகுதி இல்லை என்று பதில் வந்திருக்கிறது. அந்தப் பதிலின் தேதியிலிருந்து ஆறு மாதக் கெடுவைக் கணக்கிட்டு, சென்னை ஆயுதப்படைத் தீர்ப்பாயத்தில் ஓ.ஏ. (மூல மனு) போடலாமா? பென்ஷன் விஷயம் என்பதால், மாதாமாதம் புதிதாக நடக்கும் ‘தொடரும் தவறு’ என்று வாதிட்டால் நிற்குமா?

கோட்டை வாசல்
ரெண்டும் நிற்காது தம்பி. செத்துப்போன கோரிக்கைக்குப் புதிதாகப் பதில் வாங்கினால் காலக்கெடு உயிர் பெறாது என்று சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-லேயே சொல்லிவிட்டது. அது நம்ம தமிழ்நாட்டு வழக்குதான், அதனால் அரசு வக்கீல் முதலில் அதைத்தான் நீட்டுவார். ‘தொடரும் தவறு’ வாதத்துக்குக் காட்டும் தர்செம் சிங் தீர்ப்பு, ஏற்கெனவே சேர வேண்டிய பென்ஷனைப் பற்றியது. டிஸ்மிஸ் என்பது ஒரே நாளில் முடிந்த காரியம். விளைவு தொடர்கிறது என்பதற்காகத் தவறும் தொடர்வதாக ஆகிவிடாது.

உங்களுக்கு இருக்கும் கதவு 2007 ஆயுதப்படைத் தீர்ப்பாயச் சட்டத்தின் 22(2) மட்டும்தான். தீர்ப்பாயம் வருவதற்கு மூன்று வருஷத்துக்கும் முந்தைய உத்தரவைக்கூட, போதிய காரணம் காட்டினால் ஏற்கலாம் என்று அதில் இருக்கிறது. ஓ.ஏ.வோடு தாமத மன்னிப்புக்குத் தனி எம்.ஏ. (துணை மனு) போடுங்கள்.

பழைய ரெக்கார்ட்ஸ்
வாதத்துக்கு முன்னால் காகிதம். பென்ஷன் இல்லாமல் போனவர்களின் சர்வீஸ் ஆவணங்களை 25 வருஷம் வைத்திருந்துவிட்டு அழித்துவிடுவார்கள். 1999 என்றால் கெடு முடிந்தாயிற்று. ஆனாலும் அழித்தாயிற்றா என்பதை எழுத்தில் வாங்குங்கள். பத்து ரூபாய் போஸ்டல் ஆர்டர் வைத்து, அவருடைய ரெஜிமென்டின் ரெக்கார்ட்ஸுக்கு ஆர்.டி.ஐ. (மெட்ராஸ் ரெஜிமென்ட் என்றால் வெல்லிங்டன், மெட்ராஸ் சாப்பர்ஸ் என்றால் பெங்களூரு). குற்றப்பத்திரிகை, சாட்சியச் சுருக்கம், கோர்ட் மார்ஷல் நடவடிக்கைகள், கண்டக்ட் ஷீட் (நடத்தை, தண்டனைப் பதிவு), எல்லாவற்றையும் பெயர் சொல்லிக் கேளுங்கள். ‘எல்லா ஆவணமும்’ என்று மொத்தமாகக் கேட்டால் ‘லாங் ரோல்’ என்ற பெயர்ப் பதிவேட்டின் ஒரு வரியை அனுப்பிவிட்டு முடித்துக்கொள்வார்கள்.

நடவடிக்கைக் காகிதம் கிடைத்தால் முதலில் பார்க்க வேண்டியது ராணுவ விதி 115(2). குற்றத்தை ஒப்புக்கொண்டார் என்று எழுதியிருப்பார்கள். விளைவை விளக்கிச் சொன்னார்களா, அந்த இடத்தில் அவர் கையெழுத்து இருக்கிறதா? கையெழுத்து இல்லாததைக் காட்டித் தண்டனையை ரத்து செய்த தீர்ப்புகள் உண்டு.

டிஸ்சார்ஜ் புத்தகத்தில் காரணம் என்ன எழுதியிருக்கிறது என்பதையும் பாருங்கள். ராணுவ விதி 13-இல் (கோர்ட் மார்ஷல் இல்லாமல் நிர்வாக உத்தரவில்) டிஸ்சார்ஜ் ஆனவர்கள்கூட ‘டிஸ்மிஸ் பண்ணிட்டாங்க’ என்றுதான் சொல்வார்கள். அப்படியானால் வழக்கே வேறு: நாலு ரெட் இங்க் என்ட்ரி (சிவப்பு மையில் எழுதும் தண்டனைப் பதிவு) இருந்தாலே வெளியே அனுப்பிவிட முடியாது என்று 2015 வீரேந்திர குமார் துபே தீர்ப்பு இருக்கிறது.

மனு மேசை
பிரமாணப் பத்திரத்தில் ‘வறுமை, சட்ட அறிவின்மை’ என்று ஒரு வரி எழுதினால் முதல் வாய்தாவிலேயே போய்விடும். வருஷங்களைப் பிரித்து எழுதுங்கள். ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு காகிதம் வேண்டும். லீவு நீண்டதற்கு மனநோய் காரணம் என்றால், கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனையின் பழைய ஓ.பி. சீட்டு வக்கீலின் பத்துப் பக்க வாதத்தைவிடப் பேசும். ஒரே நோய் லீவு நீண்டதற்கும் வழக்கு தாமதமானதற்கும் காரணமாக இருந்தால் அதுதான் உங்கள் வலுவான வழக்கு. நடுவில் அவர் வேறு வேலை பார்த்திருந்தால் மறைக்க வேண்டாம், அது எப்படியும் வெளியே வரும்.

தீர்ப்பாயம் தாமதத்தைக் காட்டித் தள்ளினால், 2023 பரஷோத்தம் தாஸ் தீர்ப்புக்குப் பிறகு மெட்ராஸ் உயர் நீதிமன்றத்தில் ரிட் போடத் தடையில்லை. ஆனால் அங்கேயும் தாமதத்துக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

ஆவடி ஜூனியர்
நன்றி. டிஸ்மிஸை டிஸ்சார்ஜாக மாற்றினால் போதும் என்று பிரேயர் (மனுவில் கேட்கும் நிவாரணம்) எழுதலாமா?

கோட்டை வாசல்
போதாது. அவருக்கு 11 வருஷ சர்வீஸ்தான், சர்வீஸ் பென்ஷனுக்கு 15 வேண்டும். டிஸ்மிஸ் ஆனவருக்கு விதிவிலக்காக பென்ஷன் தரும் ராணுவ பென்ஷன் ஒழுங்குமுறை 113(அ)-வும், டிஸ்சார்ஜ் ஆகியிருந்தால் கிடைத்திருக்கும் அளவுக்கு மேல் தராது. தண்டனையை ரத்து செய்து, 15 வருஷம் முடியும்வரை பணியில் இருந்ததாகக் கருத வேண்டும் என்று கேளுங்கள். நிலுவையை ஓ.ஏ. தாக்கலுக்கு முந்தைய மூன்று வருஷத்துக்கு மட்டும் என்று நீங்களே குறைத்து எழுதிவிடுங்கள், பெஞ்ச் தாமதத்தை மன்னிக்கக் கொஞ்சம் இடம் கிடைக்கும்.