ஒரே முகங்களைப் பல ஆண்டுகளாகப் படமெடுப்பவர்களிடம் ஓர் உதவி

வணக்கம். நான் உருவப்படக் கலைஞர். சகோதரிகள் இருவரை, அவர்கள் சிறுமிகளாக இருந்த காலத்திலிருந்தே படமெடுத்து வருகிறேன். எங்கே நிற்பது, என்ன உடுத்துவது என்பதையெல்லாம் இப்போது அவர்களே முடிவு செய்கிறார்கள். வெளிச்சத்தைப் பற்றிக்கூட என்னோடு வாதாடுகிறார்கள். (படங்கள் மேம்பட்டதே அதன் பிறகுதான்.)

சிக்கல் ஒப்புதலில் வந்திருக்கிறது. அன்று கையெழுத்திட்டவர்கள் பெற்றோர். இன்று வயது வந்துவிட்ட மூத்தவள், பழைய படங்கள் சிலவற்றைக் கண்காட்சியில் வைக்க வேண்டாம் என்கிறாள். அதே படங்களில் இருக்கும் இளையவளோ, அவை இல்லாமல் தொடரே இல்லை என்கிறாள். பழைய ஒப்பந்தத்தை எடுத்து நீட்டி மூத்தவளின் வாயை அடைக்க எனக்கு மனமில்லை.

டச்சுப் புகைப்படக் கலைஞர் ரினெக்கே டைக்ஸ்ட்ரா, 1994-இல் நெதர்லாந்தில் ஓர் அகதிகள் மையத்தில் படமெடுத்த போஸ்னியச் சிறுமியை, அவள் தாயாகும் வரை தொடர்ந்து எடுத்தார். அத்தகைய தொடர்களில் நமக்குக் காட்டப்படுவது படங்கள் மட்டுமே. அவற்றுக்குப் பின்னால் நடந்த பேச்சுவார்த்தைகள் சுவரில் தொங்குவதில்லை. எனக்கு வேண்டியது அதுதான்.

ஒவ்வொரு கண்காட்சிக்கும் புதிதாக ஒப்புதல் வாங்குகிறீர்களா? இருவர் சேர்ந்திருக்கும் படத்தை ஒருவர் மட்டும் மறுத்தால் என்ன செய்கிறீர்கள்? பிரதிகள் விற்கும்போது அவர்களுக்கும் பங்கு உண்டா? பிற்காலத்தில் மறுக்கும் உரிமையையும் சேர்த்து எழுதிய ஒப்புதல் படிவம் யாரிடமாவது இருந்தால், பெயர்களை நீக்கிவிட்டுப் பகிருங்கள். படங்களின் இறுதிப் பட்டியலை விரைவில் கொடுத்தாக வேண்டும்.