பேச்சுப் போட்டிக்கு வால்டேர்

அம்மு: அத்தை, கல்லூரிப் பேச்சுப் போட்டியில் பிரெஞ்சு எழுத்தாளர் வால்டேரைப் பற்றிப் பேசுகிறேன். "நீ சொல்வதை ஏற்கவில்லை, ஆனால் அதைச் சொல்லும் உன் உரிமைக்காக உயிரையும் கொடுப்பேன்" என்று தொடங்கட்டுமா?

அத்தை: அது அவர் எழுதிய வரி இல்லை அம்மு. அவருடைய மனப்போக்கை விளக்க ஈவ்லின் பீட்ரிஸ் ஹால் என்ற ஆங்கில எழுத்தாளர் 1906இல் எழுதியது. நீ ஜான் கலாஸ் வழக்கிலிருந்து தொடங்கு.

பெரியப்பா: அது என்ன வழக்கு?

அத்தை: கலாஸ் பிரான்சில் தூலூஸ் நகரத்துத் துணி வியாபாரி, அண்ணா. கத்தோலிக்க ஊரில் புராட்டஸ்டண்ட் குடும்பம். 1761 அக்டோபரில் மூத்த மகன் வீட்டிலேயே தூக்கில் இறந்தான். அவன் மதம் மாற இருந்ததால் அப்பாவே கொன்றுவிட்டார் என்று ஊரில் வதந்தி. நீதிமன்றமும் அதையே நம்பியது.

அத்தை: 1762 மார்ச் 10 அன்று கலாஸைச் சக்கரத்தில் கட்டி எலும்பை முறித்துக் கொன்றார்கள். கடைசிவரை நான் நிரபராதி என்றே சொல்லியிருக்கிறார்.

சித்தி: படிக்கவே நெஞ்சு பதறுகிறது. மற்ற பிள்ளைகள்?

அத்தை: மகள்களைக் கன்னிமடங்களில் அடைத்தார்கள். ஒரு மகன் ஜெனீவாவில் இருந்தான். வால்டேர் அவனை வரவழைத்து விசாரித்தார். முதலில் அவருக்கும் சந்தேகம்தான். உண்மை தெரிந்த பிறகு விடவே இல்லை. 67 வயதில் செல்வாக்குள்ளவர்களுக்கெல்லாம் கடிதம், வக்கீல் ஏற்பாடு, பணம் திரட்டுவது, அப்புறம் 1763இல் மதச் சகிப்புத்தன்மை பற்றி ஒரு நூல். 1765 மார்ச் 9 அன்று கலாஸ் குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது.

பெரியப்பா: போன உயிர் திரும்பி வருமா?

அத்தை: வராது அண்ணா. ஆனால் குடும்பத்தின் மேல் விழுந்த பழி போனது, அரசர் உதவித்தொகையும் கொடுத்தார். ஓர் எழுத்தாளர் பேனாவை வைத்தே ஒரு தீர்ப்பை மாற்ற வைத்தார். அவர் எழுதிய நாடகங்களை எல்லாம்விட எனக்கு அந்த மூன்று வருடம்தான் பெரிது.

அண்ணன்: யூதர்களைப் பற்றி மிக மோசமாக எழுதியவரும் அவர்தான், அத்தை.

அத்தை: உண்மைதான். அம்மு, அதற்கும் இரண்டு வரி ஒதுக்கு.

அம்மு: சரி அத்தை. எப்படி முடிப்பது?

அத்தை: 1791இல் வால்டேரின் உடலைப் பாந்தியோனுக்கு, அதாவது பாரிஸில் பெரியோர்களை அடக்கம் செய்யும் நினைவிடத்துக்கு, கொண்டுபோன வண்டியில், கலாஸுக்கு நியாயம் தேடித் தந்தவர் என்று எழுதியிருந்தார்கள். அதில் லா பார் என்ற இளைஞர் பெயரும் உண்டு. மதநிந்தனை செய்தார் என்று 1766இல் 20 வயதில் அவர் தலையை வெட்டி, உடலோடு வால்டேரின் தத்துவ அகராதி என்ற நூலையும் சேர்த்து எரித்தார்கள். எத்தனை நிமிடம் தருகிறார்கள்?

அம்மு: ஐந்துதான்.

அத்தை: அப்படியென்றால் கலாஸ் மட்டும் போதும். நடுவர் கேள்வி கேட்டால் லா பாரைச் சொல்.