ஷெனர் ஷென் படங்களை எங்கிருந்து தொடங்கலாம்?

கேள்வி: துருக்கி நடிகர் ஷெனர் ஷென்னைச் சிலர் நகைச்சுவை நடிகர் என்கிறார்கள், சிலர் குணச்சித்திர நடிகர் என்கிறார்கள். எந்த வரிசையில் பார்த்தால் அவர் வளர்ந்த விதம் பிடிபடும்?

பதில் 1: இரண்டும்தான். 1941இல் அதானாவில் பிறந்தவர். அப்பா அலி ஷென்னும் நடிகர். பழைய படங்களின் பெயர்ப் பட்டியலில் குழப்பிக்கொள்ள வேண்டாம். 'ஹபாபம் சினிஃபி' என்ற பள்ளி நகைச்சுவைப் பட வரிசையில் உடற்பயிற்சி ஆசிரியராக வருவார். முதல் படத்தில் தேடாதீர்கள், இரண்டாவதில்தான் நுழைகிறார். பிறகு நகைச்சுவை நடிகர் கெமால் சுனாலோடு 'தோசுன் பாஷா' (1976). அந்தக் காலத்துப் படங்களுக்கு வசனத்தைப் பின்னால்தான் ஒலிப்பதிவு செய்தார்கள். உதடு பொருந்தாவிட்டால் பிரதியில் கோளாறு என்று நினைக்காதீர்கள்.

பதில் 2: நேரம் குறைவென்றால் 70களைத் தாண்டி 'நாமுஸ்லு'வில் (1984) தொடங்குங்கள். நேர்மையான காசாளரிடமிருந்து பணம் பறிபோகிறது. அவரே சுருட்டிவிட்டார் என்று நம்பும் ஊர், அதன்பின்தான் அவரை மதிக்கிறது! இதில் ஷென் மிகை நடிப்பை விட்டு முகத்தை அடக்கி வாசிக்கிறார். அடுத்து 'சூகுர்த் ஆகா' (1985). கிராமத்தையே இழந்து இஸ்தான்புல் தெருவில் தக்காளி விற்கும் நிலக்கிழார். என் கணக்கில் அவருடைய ஆகச் சிறந்த வேடம்.

பதில் 3: 'சூகுர்த் ஆகா'வின் கதாசிரியர் யாவுஸ் துர்குல்தான் பின்னர் 'முஹ்சின் பே' (1987), 'எஷ்கியா' (1996) இரண்டையும் இயக்கினார். 'எஷ்கியா'வைக் கடைசியில் வையுங்கள். 35 ஆண்டுச் சிறைவாசம் முடிந்து நாயகன் திரும்பினால், ஊர் அணை நீரில் மூழ்கிக் கிடக்கிறது. ஹாலிவுட் படங்களால் நிறைந்திருந்த துருக்கித் திரையரங்குகளுக்கு உள்ளூர் ரசிகர்களைத் திரும்ப அழைத்துவந்த படம் அது.