மணல் ஊற்றுத் தண்ணீரை அப்படியே குடிக்கலாமா?

கெடிலக்கரை: கடலூரிலிருந்து கடலோரமாகவே பரங்கிப்பேட்டை வரை நாலு பேர் நடக்கப் போகிறோம். கொண்டுபோகும் தண்ணீர் தீர்ந்தால் மணலில் ஊற்று தோண்டிக் குடிக்கலாம் என்கிறான் நண்பன். சரிதானா?

அலைவாய்: தாராளமாகக் குடிக்கலாம் தம்பி. எங்கள் ஊருக்குக் குழாய் வருவதற்கு முன்னால் ஊற்றுதான். மழைத்தண்ணீர் உப்புத்தண்ணீரை விட எடை குறைவு, மணலுக்குள் இறங்கி அதன் மேலேயே நிற்கும். அலை ஏறும் இடத்தில் தோண்டாதே. அடம்பங்கொடி படர்ந்த மேட்டைத் தாண்டி உள்பக்கம் போ. ஈரம் தட்டி நீர் கசிந்ததும் நிறுத்திவிடு. ஆசைப்பட்டு இன்னொரு முழம் இறங்கினால் உப்பு ஏறிவிடும். முதலில் ஊறுவது கலங்கலாக இருக்கும், அதை இறைத்துக் கொட்டு. தெளிந்து ஊறியதும் கொட்டாங்கச்சியால் மேலாக மொண்டெடு. கையை விட்டால் மறுபடி கலங்கும்.

முத்தியால்பேட்டை: அண்ணே, தோண்டும் முறையில் குறை இல்லை. அப்படியே குடிப்பதைத்தான் செவிலியராக என்னால் ஏற்க முடியாது. அந்த மேட்டை ஒட்டி இன்று எத்தனை வீடு, எத்தனை கழிவறைக் குழி! மேலே இருக்கும் அழுக்கெல்லாம் மழையோடு ஆழமில்லாத ஊற்றில்தான் இறங்கும். நடுவழியில் வயிற்றுப்போக்கு வந்தால் குடித்ததை விட அதிகமாக உடம்பிலிருந்து போய்விடும். தளதளவென்று கொதி வந்த பிறகு 1 நிமிடம் விட்டால் போதும், கிருமி செத்துவிடும்.

அலைவாய்: நாக்கு வறண்டு கிடப்பவன் விறகுக்கும் பாத்திரத்துக்கும் எங்கே போவான்? மணலே வடிகட்டிக் கொடுத்த தண்ணீர் அது. சிறுவயதிலிருந்து குடித்தவன் சொல்கிறேன். கலங்கல் பிடிக்கவில்லை என்றால் பானையின் உள்பக்கம் தேத்தாங்கொட்டையை உரசு, கண்ணாடி மாதிரி தெளியும்.

முத்தியால்பேட்டை: தேத்தாங்கொட்டை மண்ணை அடியில் படியவைக்கும், அவ்வளவுதான். காலரா, டைபாய்டு கிருமி தெளிந்த தண்ணீரிலும் இருக்கும். விறகு இல்லாவிட்டால் வெயில் இருக்கிறதே! தெளியவைத்து, துணியில் வடிகட்டி, நிறமில்லாத பிளாஸ்டிக் பாட்டிலில் ஊற்றி 6 மணி நேரம் நல்ல வெயிலில் படுக்கவையுங்கள். மேகமூட்டமாக இருந்தால் 2 நாள். உயிர் போகிற நிலைமையில் கிடைத்ததைக் குடிக்கத்தான் வேண்டும், அதில் உங்களோடு எனக்குச் சண்டை இல்லை. இவர்கள் திட்டம் போட்டுக் கிளம்புகிறார்கள். இவர்களுக்கு ஏன் அந்த ஆபத்து?

பண்ருட்டிப் பலா: கிருமியைப் பற்றியே பேசுகிறீர்கள். உப்பும் ரசாயனமும் கொதிக்கவைத்தாலும் போகாது, வெயிலில் வைத்தாலும் போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட இன்னும் கெட்டிப்படும். இவர்கள் போகும் வழியில்தான் சிப்காட் ரசாயன ஆலைகள் இருக்கின்றன, அந்தப் பக்கம் ஊற்றே வேண்டாம். கடல்நீரையும் தொடாதீர்கள். லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்பு. அதை வெளியேற்றச் சிறுநீரகம் குடித்ததை விடக் கூடுதலான நீரைச் செலவழிக்கும்.

அப்புறம், இலைக்கொத்தில் பிளாஸ்டிக் பை கட்டி ஆவிநீர் பிடிக்கும் வீடியோக்களைப் பார்த்துவிட்டுப் பிச்சாவரம் பக்கம் யாரும் முயற்சி செய்ய வேண்டாம். சதுப்புக்காட்டில் தில்லை மரம் இருக்கிறது. கிளை ஒடிந்து அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. இத்தனைக்கும் பையில் சேர்வது சில மடக்குதான்.

அலைவாய்: தில்லைப்பால் விஷயம் முழுக்க உண்மை. ஆனால் ஊற்றை ஒரேயடியாகத் தள்ளாதீர்கள். அடுத்த தலைமுறைக்குத் தோண்டும் இடம்கூடத் தெரியாமல் போய்விடும் என்பதுதான் என் கவலை.

முத்தியால்பேட்டை: கற்றுக்கொடுங்கள் அண்ணே, நானும் வருகிறேன். ஆனால் 2004 சுனாமியில் கடல் ஏறிய கிணறுகள் எல்லாம் உப்பாகிப்போனதை நாம் பார்த்தோம். புயலில் அலை மேட்டைத் தாண்டினால் ஊற்றுக்கும் அதே கதிதான். அதையும் சேர்த்துச் சொல்லிக்கொடுங்கள்.

கெடிலக்கரை: அப்படியானால் எவ்வளவு தண்ணீர் எடுத்துக்கொள்வது?

அலைவாய்: வெயில் நடை, ஒரு நாளைக்கு ஆளுக்கு 5 லிட்டராவது வை. வழியெல்லாம் மீனவர் ஊர்கள்தான், கேட்டால் ஒரு செம்பு தண்ணீர் தராத வீடு கிடையாது. கிளம்பும் முன் எங்கள் பக்கம் வா, ஊற்று தோண்டிக் காட்டுகிறேன். நான் அப்படியே குடிப்பேன். நீ பாட்டிலில் பிடித்து வெயிலில் வைத்துக்கொள்.